முப்பத்தாறாம் நாள்

ஆடி பதினெட்டு முடிந்த கையோடு எங்கள் கடையின் வேலை மாறிவிடும். அன்றைக்குத்தான் சிவகாசியில் அடுத்த வருஷத்துக் காலண்டர் ஆல்பங்களைப் பூஜை போட்டு வெளியிடுவார்கள். கொஞ்ச நாளில் அந்தக் கனத்த ஆல்பங்கள் ராமநாதபுரத்துக்கு வந்துவிடும். அதிலிருந்து மார்கழி வரை என் மேசையில் கல்யாணப் பத்திரிகைக்கும் கண்ணீர் அஞ்சலிக்கும் நடுவே காலண்டர் ஆர்டர்கள்தான். நகைக்கடைக்கு லட்சுமி, மீன் கம்பெனிக்கு மாதா, ஐஸ் கம்பெனிக்கு முருகன், கீழக்கரைக் கடைகளுக்கு மக்கா மதீனா. படத்துக்குக் கீழே கடைப்பெயர், போன் நம்பர், அதற்கும் கீழே 365 தாள் கொண்ட ஒரு கட்டு. 14 வருஷமாக இந்த வேலை. கடைப்பெயரில் ஓர் ஒற்றெழுத்து விட்டுப்போனால் இரவில் தூக்கம் வராது எனக்கு. ஆனால் அந்தக் கட்டை ஒரு நாளும் உட்கார்ந்து படித்ததில்லை. அது சிவகாசியில் யாரோ போடுகிற கணக்கு, படமும் பெயரும்தான் என் பொறுப்பு என்று இருந்துவிட்டேன்.

கடை அடைத்த பிறகு எனக்கு வேறொரு தொழில் உண்டு. ஐந்து வருஷமாக ஒரு ஃபேன்டஸி நாவல் எழுதிக்கொண்டிருக்கிறேன். எழுதிக்கொண்டிருக்கிறேன் என்று சொல்வதுகூடக் கொஞ்சம் அதிகம். கதை நான்கு அத்தியாயம் வந்திருக்கிறது. அந்த உலகத்தின் நாட்காட்டி மட்டும் 37 பக்கம். இந்த வியாதி உள்ளவர்களுக்கு நான் சொல்வது புரியும். வரைபடம் வரைவோம், அரச பரம்பரை போடுவோம், பணத்துக்குப் பெயர் வைப்போம், நாட்காட்டி செய்வோம். கதாநாயகி மட்டும் முதல் அத்தியாயத்தில் கிணற்றடியில் நின்றபடியே இருப்பாள்.

நாட்காட்டி அழகாக வந்திருந்தது என்பதையும் சொல்லிவிட வேண்டும். அந்த உலகத்துக்கு இரண்டு நிலா. பெரியவள் மூத்தாள், 24 நாளுக்கு ஒரு பௌர்ணமி. சின்னவள் இளையாள், லேசாகச் சிவந்தவள், 36 நாளுக்கு ஒரு பௌர்ணமி. வருஷத்துக்குச் சரியாக 360 நாள். 12 மாதம், மாதத்துக்கு 30 நாள். மூத்தாளுக்கு வருஷத்தில் 15 பௌர்ணமி, இளையாளுக்குப் பத்து. இருவரும் ஒரே இரவில் முழுதாக எழுவது 72 நாளுக்கு ஒருமுறை, அதாவது வருஷத்தில் ஐந்தே முறை. அந்த ஐந்து இரட்டைப் பௌர்ணமிகளும் வருஷா வருஷம் அதே தேதியில் வந்து நிற்கும். 360 என்ற எண்ணை எதனால் வகுத்தாலும் மிச்சம் இல்லாமல் போவதைப் பார்த்துப் பார்த்து மகிழ்ந்தேன். பழைய எகிப்தியர்கள்கூட 12 முப்பதுகளைப் போட்டுவிட்டு, வருஷக் கடைசியில் ஐந்து நாளைத் தனியாக ஒட்டவைத்துச் சமாளித்தார்கள். எனக்கு அந்த ஒட்டுவேலைகூடத் தேவைப்படவில்லை. உலகமே என்னுடையது, சூரியனை நான் சொன்னபடி சுற்றுகிறது.

ஆனாலும் ஏதோ ஒன்று உறுத்திக்கொண்டே இருந்தது. ரொம்ப நாள் அது என்னவென்று பிடிபடவில்லை. ஒரு நாள் எழுதிய நான்கு அத்தியாயத்தையும் சேர்த்துப் படித்தபோதுதான் பட்டது: என் கதையில் ஒருவர்கூட இன்றைக்கு என்ன தேதி என்று யாரையும் கேட்கவில்லை. கேட்கத் தேவையே இல்லை. அத்தியாயத் தலைப்பில் நானே "உப்பு மாதம், 14-ஆம் நாள்" என்று போட்டுவிடுகிறேன், அவர்கள் அதற்குக் கீழே நடமாடுகிறார்கள். எங்கள் கடைக்கு வருகிறவர்களில் பாதிப் பேர், செராக்ஸ் எடுக்க வந்தவர்கள்கூட, சுவரில் தொங்கும் காலண்டரை எட்டிப் பார்க்காமல் போவதில்லை. "அமாவாசை நாளைக்கா, நாளன்னைக்கா?" "ராகு காலம் முடிஞ்சிருச்சா?" "பிறை எத்தனை?" "மீன்பிடித் தடை முடிய இன்னும் எத்தனை நாள் கிடக்கு?" ஏப்ரல் 15-லிருந்து ஜூன் 14 வரை அந்த 61 நாளும், விசைப்படகில் கூலிக்குப் போகிறவர்கள் தாளைக் கிழிப்பது போலப் பார்ப்பார்கள். என் நாவலில் அந்தப் பார்வை பார்க்க ஆள் இல்லை.

பிறை பார்த்த பிறகு

இந்த இடத்தில் என் தவறு ஒன்றைச் சொல்ல வேண்டியிருக்கிறது. சில வருஷங்களுக்கு முன் கீழக்கரையில் ஒரு கடைக்காக ஒரே தாளில் முழு வருஷமும் வருகிற காலண்டர் போட்டேன். விசேஷ நாட்களைச் சிவப்பில் காட்டச் சொன்னார்கள். காட்டினேன். நோன்புப் பெருநாளை ஒரு தேதியில் அழுத்தமாகச் சிவப்புக் கட்டம் கட்டி, பக்கத்தில் பிறைப்படம்கூட வைத்திருந்தேன். 300 பிரதி. கொண்டுபோய்க் கொடுத்தபோது கடைக்காரர் அதை விரித்து வைத்து வெகுநேரம் பார்த்தார். "தம்பி, பெருநாள் என்னைக்குன்னு உங்களுக்கு எப்படித் தெரியும்?" என்றார். கோபமே இல்லை குரலில். "காலண்டரில் போட்டிருந்தது காக்கா" என்றேன். கீழக்கரையில் அண்ணனைக் காக்கா என்றுதான் கூப்பிடுவார்கள். "நாங்க அன்னைக்கு அந்தியில வானத்தைப் பார்ப்போம். பிறை தெரிஞ்சா மறுநாள் பெருநாள். தெரியலைன்னா முப்பது நோன்பு. அதுவரைக்கும் எங்களுக்கே தெரியாது. நீங்க பத்து மாசத்துக்கு முன்னாடியே கட்டம் கட்டிட்டீங்களே" என்று சிரித்தார். மற்ற காலண்டர்களில் மூலையில் சின்ன எழுத்தில் "பிறை தென்படுவதைப் பொறுத்து" என்று ஒரு வரி இருக்கும். அதை இடத்தை அடைக்கிற வரி என்று நினைத்து எடுத்துவிட்டிருந்தேன். அந்த வருஷம் 300 பிரதியிலும் அந்த வரியை ரப்பர் ஸ்டாம்பு செய்து நானே குத்திக் கொடுத்தேன்.

அன்றைக்குத் திரும்பி வரும்போது அவர் சொன்ன இன்னொன்றுதான் மனதில் ஓடியது. சந்திரக் கணக்கில் வருஷத்துக்கு 354 நாள், சில வருஷம் 355. அதனால் நோன்பு ஒவ்வொரு வருஷமும் பத்துப் பதினோரு நாள் முன்னால் நகர்ந்து, ஏறக்குறைய 33 வருஷத்தில் எல்லாப் பருவத்தையும் ஒரு சுற்றுச் சுற்றி வந்துவிடும். "நான் முதல் நோன்பு பிடிச்சப்ப வாடைக்காலம். அப்புறம் சித்திரை வெயில்லயும் பிடிச்சாச்சு, கச்சான் காத்துலயும் பிடிச்சாச்சு. இப்ப மறுபடி வாடைக்கு வந்து நிக்குது" என்றார். தன் வயதை அவர் சொன்ன விதம் அது. இதை நாவலில் எங்காவது வைக்க வேண்டும் என்று நினைத்துக்கொண்டேன். வைக்க இடமில்லை. என் உலகத்தில்தான் எதுவும் நகர்வதில்லையே.

கடல் உறங்கும் நாள்

அத்தை பாம்பன் சின்னப்பாலத்தில் இருக்கிறாள். அப்பாவோடு பிறந்தவள். விவரம் தெரிந்த நாளிலிருந்து பாசி எடுக்கிற வேலை. விரல்களில் துணி சுற்றி, கண்ணாடி மாட்டி, மூச்சடக்கி முங்கி, பாறையில் ஒட்டியிருக்கும் மரிக்கொழுந்துப் பாசியைப் பிய்த்து இடுப்புப் பையில் போட்டுக்கொண்டு மேலே வருவாள். வயது 60-ஐத் தாண்டிவிட்டது. எத்தனை என்று கேட்டால், "தனுஷ்கோடிப் புயல்ல நான் கைப்பிள்ளை" என்பாள். 1964 டிசம்பர் என்று நாம் போட்டுக்கொள்ள வேண்டியதுதான். ஆதார் அட்டையில் அவளுக்கு வேறொரு பிறந்த தேதி இருக்கிறது. அதை யார் எந்தக் கணக்கில் போட்டார்கள் என்று அவளுக்கும் தெரியாது. எங்கள் குடும்பத்தில் எல்லாக் கணக்கும் புயலுக்கு முன்னால், புயலுக்குப் பின்னால் என்றுதான். என் நாவலில் ஆண்டுக் கணக்கு ஒரு ராஜாவின் முடிசூட்டு விழாவிலிருந்து தொடங்கியது. அதையும் பிற்பாடு மாற்ற வேண்டியதாயிற்று.

போன வருஷம் ஓர் அஷ்டமியன்று ஏதோ அட்டைக்கு விண்ணப்பம் போட வேண்டும் என்று அத்தை கடைக்கு வந்தாள். அஷ்டமி என்பது எனக்கு அப்போது தெரியாது, அவள் சொல்லித்தான் தெரியும். "இன்னைக்குக் கடல்ல நமக்கு வேலை இல்லை, அதான் வந்தேன்" என்றாள். வந்த நேரம் கரண்ட் போய்விட்டது. ஸ்கேனர் ஓடாது. லேப்டாப்பில் சார்ஜ் இருந்ததால் நான் நாலாவது அத்தியாயத்தைத் திறந்து வைத்து உட்கார்ந்திருந்தேன். என்னடா அது என்று கேட்டாள். கதை என்றேன். சொல்லு என்றாள்.

சொன்னேன். இரண்டு நிலா என்றதும், "மூத்தாளும் இளையாளுமா? யாரு கட்டுன பொண்டாட்டிகடா ரெண்டு பேரும்?" என்றாள். அதுவரை எனக்குத் தோன்றவே இல்லை. அந்த நிமிஷமே இருவரும் அக்கா நிலா, தங்கை நிலா ஆனார்கள். அப்புறம் கதையின் முக்கியமான கட்டத்துக்கு வந்தேன். நிலத்திலிருந்து தீவுக்குப் படை கடக்க வேண்டும். நடுவில் மணல் தீடைகள், நம் தனுஷ்கோடிக்கு அப்பால் இருப்பதைப் போல. அவற்றுக்கு இடையே ஓடும் தண்ணீர் அடங்கினால்தான் நடந்து கடக்கலாம். அதற்கு நான் ஒரு நாள் குறித்திருந்தேன். இரட்டைப் பௌர்ணமிக்கு அடுத்த 36-ஆம் நாள். அன்றைக்கு அக்கா நிலாவுக்கு அமாவாசை, தங்கை நிலாவுக்குப் பௌர்ணமி. இருவரும் வானத்தில் நேர் எதிரெதிரே நிற்பார்கள். ஒருத்தி அங்கிட்டு இழுக்கிறாள், ஒருத்தி இங்கிட்டு இழுக்கிறாள். இரண்டு இழுப்பும் ஒன்றையொன்று சரிக்கட்டிவிடும், நடுவில் கடல் அசையாமல் கிடக்கும். அதற்கு "கடல் உறங்கும் நாள்" என்று பெயரும் வைத்திருந்தேன். நாவலிலேயே எனக்கு ரொம்பப் பிடித்த பெயர் அதுதான். வாசகர்கள் அசந்துபோவார்கள் என்று நம்பியிருந்த இடம்.

அத்தை கொஞ்ச நேரம் பேசவில்லை. ஸ்கேனர் மேலிருந்த ஒரு தாளை எடுத்து விசிறிக்கொண்டாள். "பவுர்ணமி அன்னைக்கு அந்தியில சூரியன் எங்கிட்டு இருக்கு?" என்றாள்.

"மேற்கே."

"நிலா?"

"கிழக்கே, அப்பத்தான் ஏறும்."

"அதுக ரெண்டும் எதிரெதிரதான நிக்குது? அன்னைக்குக் கடல் உறங்குதா?"

பதில் சொல்ல வாயெடுத்தேன், வரவில்லை.

"அமாவாசைக்கு ரெண்டும் ஒரே பக்கம். அன்னைக்கும் கடல் நல்லா ஏறும், நல்லா வத்தும். பவுர்ணமிக்கு எதிர் எதிர்ப் பக்கம். அன்னைக்கும் அதே ஏத்தம், அதே வத்தம். கடலுக்கு ரெண்டும் ஒண்ணுதான்டா. அந்த ரெண்டு பருவத்தையும் ஒட்டித்தான நாங்க பாசிக்குப் போறோம். நீ சொல்ற மாதிரி கடல் ஏறாம வத்தாம மசமசன்னு கிடக்குறது இன்னைக்கு. அஷ்டமிக்கு. நிலா பாதியா நிக்கிறப்ப."

இதைப் பாடப்புத்தகத்தில் படித்தவன்தான் நான். நிலவின் ஈர்ப்பு பூமியின் அருகுப் பக்கத்தைக் கூடுதலாகவும் மறுபக்கத்தைக் குறைவாகவும் இழுக்கிறது. அந்த வித்தியாசத்தால் கடல் இரண்டு பக்கமும் புடைக்கிறது, நிலவைப் பார்த்த பக்கம் ஒன்று, அதற்கு நேர் பின்பக்கம் ஒன்று. சூரியனும் இதையே செய்கிறது, நிலவில் பாதிக்கும் சற்றுக் குறைந்த அளவில். புடைப்பு இரண்டு பக்கமும் இருப்பதால், எதிரே நின்றாலும் ஒரே பக்கம் நின்றாலும் கூடத்தான் செய்யும். குறுக்கே செங்கோணமாக நின்றால் மட்டும் ஒன்றின் ஏற்றத்தில் மற்றதன் வற்றம் விழுந்து கழிந்துபோகும். பரீட்சையில் இதற்குப் படம் போட்டு மார்க் வாங்கியிருக்கிறேன். பாம்பனில் பிறந்து, அந்தத் தண்ணீர் ஏறி வற்றுவதைப் பார்த்து வளர்ந்து, 37 பக்க நாட்காட்டியும் எழுதி, கடைசியில் கயிறு இழுக்கும் போட்டி போல நினைத்துக் கடலைத் தூங்க வைத்திருக்கிறேன்.

என் சொந்தக் கணக்கையே திரும்பப் பார்த்தேன். 36-ஆம் நாள் சூரியனும் அக்கா நிலாவும் ஒரு பக்கம், தங்கை நிலா மறுபக்கம், மூன்றும் ஒரே கோட்டில். வருஷத்திலேயே கடல் மிக மூர்க்கமாக இருக்கும் நாட்களில் அது ஒன்று. உண்மையில் கடல் சோம்பிக் கிடப்பது 18-ஆம் நாளும் 54-ஆம் நாளும். அன்றைக்குத் தங்கை இருட்டு, அக்கா பாதி. நான் படையை அனுப்பிய நாளில் ஒருவர் மிஞ்சியிருக்க மாட்டார்.

"சரி அத்தை, அப்ப 18-ஆம் நாளுக்கு மாத்திடுறேன்" என்றேன்.

"எதுக்கு மாத்துறே?" என்றாள். "அன்னைக்குக் கடல் ரொம்ப ஏறாது, சரி. ரொம்ப வத்தவும் வத்தாதே. தீடைக்கு நடுவுல தண்ணி அப்படியே நிக்கும். நடந்து கடக்கணும்னா வத்தணும். நீ சொன்ன நாளுதான் சரி. நல்லா வத்துற நேரம் பார்த்துப் போகணும். ஆனா அதே அளவுக்குத் திரும்ப ஏறும். அதுக்குள்ள அந்தக் கரை சேரணும். அம்புட்டுத்தான்."

நாள் சரி, காரணம் தப்பு. உறங்குகிற கடலை ஒரு படை நிதானமாக, இரவு முழுக்கப் பாட்டுப் பாடிக்கொண்டு கடப்பதாக எழுதியிருந்தேன். அத்தை சொன்ன கடலில் அவர்களுக்குக் கிடைப்பது சில மணி நேரம்தான். பின்னால் தண்ணீர் திரும்பிவரும். ஐந்து வருஷமாகக் கிணற்றடியில் நின்றிருந்த கதாநாயகிக்கு அன்றைக்குத்தான் ஒரு வேலை கிடைத்தது. கடல் எப்போது வற்றும் என்று அந்தப் படையில் யாருக்காவது தெரிந்திருக்க வேண்டுமே. அரண்மனைச் சோதிடர்களுக்குத் தெரிந்திருக்காது. பாசி எடுக்கிறவளுக்குத் தெரியும்.

கரண்ட் வந்தது. விண்ணப்பத்தை ஸ்கேன் செய்துகொண்டிருக்கும்போது அத்தை இன்னொன்று கேட்டாள். அதுதான் மிச்சமிருந்ததையும் கவிழ்த்துப் போட்டது. "உன் ஊர்ல வருஷா வருஷம் அதே தேதிக்கு அமாவாசை வருமா? அப்ப அங்க காலண்டர் எதுக்குடா?"

மிச்சம் விழுகிற நாள்

அன்றிரவு முதல் தடவையாக ஒரு தினசரி காலண்டர் கட்டை எடுத்து வைத்துத் தாள் தாளாகப் படித்தேன். பதினான்கு வருஷம் விற்ற சரக்கு. ஆனி மாதம் 32 நாள் வரை நீள்கிறது, மார்கழி 29-லேயே முடிந்துவிடுவதும் உண்டு. காரணம் இல்லாமல் இல்லை. ஜூலைத் தொடக்கத்தில் பூமி சூரியனிடமிருந்து தள்ளிப்போய் மெதுவாக நகர்கிறது, ஜனவரியில் நெருங்கி வந்து வேகமாக ஓடுகிறது. சூரியன் ஒரு ராசியைக் கடக்கிற காலம்தான் நமக்கு மாதம் என்பதால் மாதங்களும் அதற்கேற்ப நீண்டும் குறுகியும் போகின்றன. திதி இன்னும் மோசம். சூரியனுக்கும் நிலவுக்கும் இடையே 12 பாகை விலகினால் ஒரு திதி. சில நேரம் அது 19 மணி நேரத்தில் முடிந்துவிடும், சில நேரம் 26 மணி நேரம் இழுக்கும். காலை எட்டரை மணிக்கு அமாவாசை தொடங்கினால் தர்ப்பணம் இன்றைக்கா நாளைக்கா என்று கேட்டுக்கொண்டு அக்னி தீர்த்தத்துக்கு எத்தனை குடும்பங்கள் போகின்றன. வாக்கியப் பஞ்சாங்கமும் திருக்கணிதப் பஞ்சாங்கமும் சனிப்பெயர்ச்சியில் கிட்டத்தட்ட ஒரு வருஷம் விலகி நின்றதை நாம் எல்லோரும் பார்த்தோம். திருக்கணிதத்தில் 2025 மார்ச்சிலேயே சனி பெயர்ந்துவிட்டார். வாக்கியப்படி 2026 மார்ச்சில்தான் பெயர்ந்தார்.

இத்தனை பிசிறும் குளறுபடி என்றுதான் நினைத்திருந்தேன். என் 360-ஐ வைத்துக்கொண்டு மனதுக்குள் கொஞ்சம் ஏளனமும் இருந்தது. இப்படி ஒரு சுத்தமான நாட்காட்டியை நிஜத்தில் நடத்திப் பார்த்தவர்களும் உண்டு. புரட்சிக்குப் பிறகு பிரான்சில் 1793-ல் கொண்டுவந்தார்கள். எல்லா மாதமும் 30 நாள், வருஷக் கடைசியில் ஐந்தோ ஆறோ தனி நாள். வாரத்துக்குப் பத்து நாள். மாதங்களுக்குப் பனி, மூடுபனி, வெப்பம், அறுவடை என்று அழகான பெயர்கள். ஆனால் ஏழு நாளுக்கு ஒருமுறை ஓய்வெடுத்தவனிடம் பத்து நாளுக்கு ஒருமுறை எடு என்றால் எப்படி இருக்கும்? அந்தப் பருவப் பெயர்களும் பாரிஸ் பக்கத்து வானிலையை வைத்து வைத்தவை, வெப்பமண்டலக் குடியேற்றங்களில் அவற்றுக்கு அர்த்தமே இல்லை. 1806 ஜனவரி 1-ஆம் தேதியோடு அதை மூட்டை கட்டிவிட்டார்கள்.

நானும் அதைத்தான் செய்திருந்தேன். உப்பு மாதம், சங்கு மாதம், முத்து மாதம், தளிர் மாதம். ஓசைக்காக வைத்த பெயர்கள். நான்கு பருவம் வேறு, வசந்தம் முதல் குளிர்காலம் வரை. எங்கள் கரையில் பருவம் இரண்டுதான், தென்மேற்கிலிருந்து வீசும் கச்சானும் வடகிழக்கிலிருந்து வீசும் வாடையும். வாடை வீசினால் வடகடல் கொந்தளிக்கும், தென்கடல் அடங்கும். கச்சான் வீசினால் தென்கடல் பொங்கும், வடகடல் குளம் மாதிரிக் கிடக்கும். காற்றைப் பார்த்துத்தான் வள்ளத்தை எந்தக் கரையில் போடுவது என்று முடிவு செய்வார்கள். பாம்பன் கால்வாயில் நீரோட்டமே அதற்கேற்பத் திசை மாறி ஓடும். இந்தத் தீவில் பிறந்தவன் கற்பனை உலகத்துக்கு எங்கிருந்து பனிக்காலத்தை இறக்குமதி செய்தேன் என்று தெரியவில்லை. தெரியும், சொல்ல வெட்கமாக இருக்கிறது.

மாற்றினேன். பெரிதாக ஒன்றும் செய்யவில்லை, வருஷத்தோடு இரண்டே நாளைச் சேர்த்தேன். 362. நிலாக்களை அப்படியே விட்டுவிட்டேன். இரட்டைப் பௌர்ணமி ஐந்து முறை வந்து 360 நாளில் சுற்று முடித்துவிடும், வருஷம் முடிய இன்னும் இரண்டு நாள் பாக்கி இருக்கும். ஆகவே ஒவ்வொரு வருஷமும் இரட்டைப் பௌர்ணமி இரண்டிரண்டு நாள் முன்னால் நகர ஆரம்பித்தது. கணக்குப் போட்டுப் பார்த்தேன். 36 வருஷத்தில், 181 இரட்டைப் பௌர்ணமிகளுக்குப் பிறகு, எல்லாம் பழையபடி தொடங்கிய இடத்தில் வந்து நிற்கிறது. இதை நான் திட்டமிடவில்லை, தானாக விழுந்தது. கீழக்கரைக் காக்கா நினைவுக்கு வந்தார். நமக்கு அறுபதாம் கல்யாணம் போல அவர்களுக்கு முப்பத்தாறில் ஒன்று. பிறந்தபோது இருந்த அதே நிலா ஒழுங்கு ஒருவனுக்கு 36 வயதில் திரும்ப வருகிறது. 72 வயதில் மறுபடி வருகிறது, இருந்தால். அந்த உலகத்துக் கிழவி ஒருத்தி இப்போது தன் வயதைச் சொல்லும்போது, "ரெண்டாம் சுற்றில் பாதி" என்கிறாள்.

அந்த இரண்டு நாள் வந்த பிறகுதான் என் ஆட்கள் சண்டை போட ஆரம்பித்தார்கள். நிலத்தில் இருக்கிற கணக்கர்கள் இரண்டு நாளையும் வருஷக் கடைசியில் எந்த மாதத்திலும் சேராமல் தனியே வைத்திருக்கிறார்கள். தீவில் இருக்கிறவர்களுக்கு மாதமே கிடையாது, இரட்டைப் பௌர்ணமியிலிருந்து எண்ணுவார்கள். இருவரும் ஒரே நாளுக்கு ஒரே பெயர் சொல்வதில்லை. முன்பணம் கொடுத்து மீன் எடுக்கும் வியாபாரி மாத வட்டி போடுகிறான். எந்த மாதத்திலும் சேராத அந்த இரண்டு நாளுக்கு வட்டி உண்டா இல்லையா? இந்தக் கேள்வி ஒரு அத்தியாயத்தையே எடுத்துக்கொண்டது. அதற்குக் கற்பனை பெரிதாகத் தேவைப்படவில்லை. ராமேஸ்வரத்தில் விசைப்படகுக்குத் திங்கள், புதன், சனி, மிச்ச நான்கு நாள் நாட்டுப்படகுக்கு என்று வாரத்தைப் பங்கு போட்டு வைத்திருப்பது எந்தப் பஞ்சாங்கத்திலும் இல்லை. வலை அறுபட்டு, ஆட்கள் அடித்துக்கொண்டு, பேச்சுவார்த்தை நடந்து வந்த கிழமைகள் அவை. எங்கள் பக்கம் ஒரு குழந்தைகூட அந்தக் கிழமைகளைத் தப்பாகச் சொல்லாது.

சின்னப்பாலத்துப் பெண்களும் அப்படித்தான், மாதத்தில் 12 நாள்தான் பாசி எடுப்பது என்று தங்களுக்குள் பேசி வைத்திருக்கிறார்கள். பாசி வளர விட வேண்டும் என்று அவர்களே வைத்துக்கொண்ட கட்டு. அமாவாசையை ஒட்டிக் கொஞ்ச நாள், பௌர்ணமியை ஒட்டிக் கொஞ்ச நாள். இதை யாரும் அச்சடித்துச் சுவரில் மாட்டவில்லை. நான் அச்சடித்துக் கொடுக்கட்டுமா என்று அத்தையிடம் கேட்டேன், தொழில்புத்தி. "எதுக்கு, எங்களுக்குத் தெரியாதா?" என்றாள்.

இந்தத் தைக்குப் பாம்பன் போயிருந்தபோது நாலாவது அத்தியாயத்தைப் புதிதாக எழுதி அச்சடித்துக் கொண்டுபோனேன். வாசலில் பாசி காய்ந்துகொண்டிருந்தது. அத்தை அதைப் புரட்டிப்போட்டபடியே கேட்டாள், நான் படித்தேன். 36-ஆம் நாள், விடியலுக்கு முன், மூன்றும் ஒரே கோட்டில். தண்ணீர் இறங்குகிறது, தீடைகளின் முதுகு ஒவ்வொன்றாக மேலே வருகிறது. பாசி எடுக்கிறவள் முன்னால் போகிறாள், படை பின்னால். இந்த முறை பாட்டு இல்லை. படித்து முடித்ததும் நன்றாக இருக்கிறது என்று சொல்வாள் என்று காத்திருந்தேன்.

"ஆளு எத்தனை பேரு?"

"நாலாயிரம்."

"முட்டளவுத் தண்ணியில, மணல் கால் வாங்குற இடத்துல, நாலாயிரம் பேரு. வரிசையா வேற போகணும்." கையிலிருந்த பாசியை உதறினாள். "முன்னால போறவ கரை ஏறிருவா. கடைசி ஆள் எப்ப இறங்குவான்னு பார்த்தியா?"

பார்க்கவில்லை என்றேன். எத்தனை பேர் மிஞ்சுவார்கள் என்று கேட்டேன். அவள் கடல் பக்கம் திரும்பி ஏதோ கணக்குப் போடுவது போலக் கொஞ்ச நேரம் நின்றாள். அப்புறம் நாளைக்குச் சதுர்த்தி, இதோடு இந்தப் பருவத்துக்குப் பாசி முடிந்தது, மழை வருவதற்குள் இதையெல்லாம் அள்ளிக் கட்ட வேண்டும், ஒரு கை பிடி என்று சாக்கை நீட்டினாள்.